பிந்தியதற்குக் காரணம்

என் கணவருக்கு வாழ்நாளில் ஒரே ஒரு தடவைதான் டைபாய்டு என்கிற நெருப்புக் காய்ச்சல் வந்தது. அதுவும் காகிதத்தில். டவுன் டிஸ்பென்சரி டாக்டர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கையெழுத்துப் போட்டு, ரப்பர் முத்திரை குத்திக் கொடுத்த காய்ச்சல் அது. ஒரு நாளும் உடம்பு சுடவில்லை, ஒரு வேளைக் கஞ்சியும் குடிக்கவில்லை. ஆனாலும் அந்தக் காய்ச்சலிலிருந்து எங்கள் குடும்பம் எழுந்திருக்கவே இல்லை. எப்படி என்று சொல்கிறேன்.

இலங்கை மலைநாட்டில், அட்டன் கடைவீதியில் எங்களுக்கு ஒரு ஜவுளிக்கடை இருந்தது. சின்னக் கடை. உள்ளே நாலு பேர் நின்றால் ஐந்தாவது ஆள் மழையில் நனைய வேண்டும். நான் றொசல்லப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவள். அப்பா அங்கே கணக்கப்பிள்ளையாக இருந்ததால் என்னை அட்டனில் மிஷன் பள்ளிக்கூடத்தில் சேர்த்தார். அதனால் இங்கிலீசும் கொஞ்சம் படித்தேன். என் அம்மாவையும் அப்பாவையும் அந்தத் தோட்டத்து மயானத்தில்தான் புதைத்திருக்கிறது. இந்தியாவை நான் வரைபடத்தில்தான் பார்த்திருந்தேன். என் கணவர் அப்படி இல்லை. முசிறிப் பக்கத்துக் கிராமத்திலிருந்து அரைக்கால் சட்டை வயதில் மாமன் ஒருவரோடு கப்பல் ஏறி வந்து, துணி மூட்டையைத் தோளில் சுமந்து தோட்டம் தோட்டமாக விற்று, பிறகு கடை வைத்தவர். அவருடைய அம்மா ஊரிலேயே இருந்தார். பக்கத்து வீட்டுப் பையனைக் கொண்டு அந்த அம்மாள் எழுதுவிக்கும் கடிதங்களில் கடைசி வரி எப்போதும் ஒன்றுதான்: அங்கே மழை விட்டுவிட்டதா? அட்டனைப் பற்றி அவருக்குத் தெரிந்தது அந்த மழை மட்டுந்தான்.

ஐம்பதுகளின் தொடக்கத்தில் ஒரு தீபாவளிக்கு முந்திய வாரம், வருமான வரிக் கந்தோரிலிருந்து ஒருவர் எங்கள் கடைக்கு வந்தார். எந்த நேரத்தில் வரக்கூடாதோ அந்த நேரத்தில் வந்தார். தோட்டங்களில் தீபாவளி முற்பணம் கொடுத்திருந்த சமயம். கொழுந்து எடுக்கும் பெண்கள் கூட்டம் கூட்டமாக மலையிலிருந்து இறங்கி, கடைவாசலில் வரிசை கட்டி நின்றார்கள். வந்தவர் ஒரு ஓரமாக நின்று பார்த்துவிட்டு, ஒரு சோடா குடித்துவிட்டுப் போய்விட்டார். வருஷம் முழுக்க எங்கள் கடையில் தீபாவளிதான் நடக்கிறது என்று அவர் முடிவுகட்டியது பிறகுதான் தெரிந்தது. ஆனி, ஆடி மழையில் வந்து பார்த்திருந்தால், கடைக்குள் ஒதுங்கி நிற்கும் நாயைத் தவிர வேறு யாரையும் கண்டிருக்க மாட்டார்.

அந்தக் கணக்குப்படி வரி போட்டு அறிவிப்பு வந்தபோது பங்குனி மாதம். என் கணவர் அப்போது அட்டனில் இல்லை. அதற்குச் சில நாள் முன்னால்தான் ஊரிலிருந்து தந்தி வந்திருந்தது. தாயார் கவலைக்கிடம் என்று தந்தி வந்தால் பாதிப் பேருக்கு அதன் அர்த்தம் முடிந்துவிட்டது என்பதுதான். ஆனால் அவர் போய்ச் சேர்ந்தபோது அம்மாவுக்கு உயிர் இருந்தது. மகனை அடையாளம் கண்டு, "அங்க மழை விட்டிருச்சாய்யா?" என்று கேட்டிருக்கிறார். இவர் அதற்குப் பதில் சொல்லாமல் அம்மாவின் காலைப் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தார். சரி, நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தாராம். மறுநாள் அந்த அம்மாவுக்கு நினைவு தப்பிவிட்டது. அதோடு போய்விட்டார்.

அவர்கள் குடும்பத்தில் தகப்பனுக்கு மூத்த பிள்ளையும் தாய்க்குக் கடைசிப் பிள்ளையும் கொள்ளி வைக்க வேண்டும். இவர்தான் கடைசி. தலையையும் மீசையையும் மழித்துக்கொண்டு இவர்தான் கொள்ளி வைத்தார்.

இங்கே நான் வரி அறிவிப்பைப் பிரித்துப் படித்துவிட்டு, எங்கள் வக்கீல் புரொக்டர் ஐயாவின் கந்தோருக்கு ஓடினேன். அங்கே எல்லா வேலையையும் பார்ப்பவர் அவருடைய கிளாக்கர்தான். மூக்குக் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டுக்கொண்டு பேசுகிற வயதான மனிதர். அப்பீல் போடலாம், ஆனால் குறித்த தவணைக்குள் போட வேண்டும், அதுவும் உங்கள் வீட்டுக்காரர் கையெழுத்துப் போட வேண்டும் என்றார். அப்பீல் மனுவை அவரே தட்டச்சு செய்து கொடுத்தார். அதை அறிவிப்போடு சேர்த்து ரெஜிஸ்டர் தபாலில் ஊருக்கு அனுப்பினேன்.

தபால் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்தது. அதைக் கையெழுத்துப் போட்டு வாங்கியவர் என் கணவருடைய அண்ணன். கருமாதி முடியாத வீட்டுக்குள் வெளிக் கடிதத்தைப் பிரிக்கக் கூடாது என்பது அவர்கள் வீட்டு வழக்கம். ஒரு சாவுச் செய்தி இருக்கிற இடத்துக்கு இன்னொரு செய்தி வந்தால் அதுவும் அதே மாதிரி ஆகிவிடுமாம். அவர் அதை வெளிக்கூரையின் ஓலைக்கிடையில் பத்திரமாகச் செருகி வைத்தார். கருமாதி முடிந்தது, விருந்தாளிகள் போனார்கள், செருகினவர் செருகினதை மறந்துவிட்டார். என் கணவர் புறப்படுகிற அன்றைக்குக் கூரையில் கருவாட்டுக் கூடையை எடுக்கப்போய் அது கையில் விழுந்திருக்கிறது. அண்ணன் மேல் எனக்குக் கோபம் இல்லை என்று சொன்னால் அது பொய். ஆனால் அந்த மனிதரை எதைச் சொல்லித் திட்டுவது என்று இன்றைக்கும் எனக்குப் பிடிபடவில்லை. அம்மாவைப் பறிகொடுத்த வீட்டில் இன்னொரு கெடுதல் நுழையக் கூடாது என்றுதானே அவர் பார்த்தார்.

என் கணவர் அட்டன் வந்து இறங்கியபோது தவணை தாண்டிவிட்டது. மொட்டைத் தலையில் முள்முள்ளாக முடி கிளம்பியிருந்தது. எங்கள் மகள் அப்போது சின்னவள். மீசை இல்லாத அப்பாவைக் கண்டு பயந்து துணிக்கட்டுகளுக்குப் பின்னால் போய் ஒளிந்துகொண்டாள்.

மறுநாளே இரண்டு பேரும் கிளாக்கரிடம் போனோம்.

"பிந்திப் போனாலும் பரவாயில்லைங்க. சட்டத்துல அதுக்கு வழி இருக்கு," என்றார் அவர். "அப்பீல் போட வேண்டியவரு நாட்டுல இல்ல. இல்லாட்டி நோயாக் கெடந்தாரு. இல்லாட்டி வேற தகுந்த காரணம். இதுல ஒண்ண ஒப்புக்கிட்டாங்கன்னா பிந்தினத மன்னிச்சு அப்பீல எடுத்துக்குவாங்க."

எனக்கு வயிற்றில் பால் வார்த்த மாதிரி இருந்தது. "அப்ப மொதக் காரணமே எங்க காரணந்தானுங்களே. பாஸ்போட்டுல முத்திரை இருக்கு. மாமி செத்தத ஊர்ல பதிஞ்ச துண்டும் இருக்கு," என்றேன்.

கிளாக்கர் எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். "அதத்தாம்மா எழுதக் கூடாது. ஒங்க பதிவு மனு நுவரெலியாவுல கெடக்குதில்ல?"

அந்தப் பதிவு என்ன என்பதைச் சொல்லிவிட வேண்டும். நாடு சுதந்திரம் அடைந்த கையோடு ஒரு சட்டம் வந்து, எங்கள் ஆட்களையெல்லாம் எந்த நாட்டுக்கும் சேராதவர்களாக்கிவிட்டது. பிறகு இன்னொரு சட்டம் வந்தது. இத்தனை வருஷம் இங்கேயே குடியிருந்தோம், இனியும் இங்கேதான் இருப்போம் என்று நிரூபித்தால் பிரஜையாகப் பதிந்துகொள்ளலாம். நாங்களும் மனுப் போட்டிருந்தோம். மனு அவர் பெயரில், என் பெயரும் பிள்ளையின் பெயரும் அதற்குள். விசாரணைக்கு எப்போது கூப்பிடுவார்கள் என்று தெரியாமல் காத்துக்கொண்டிருந்தோம். இந்தியாவுக்குப் போய் வந்தவனுக்குப் பதிவு கிடையாது என்று கடைவீதியிலும் தோட்டத்துக் குடியிருப்பு லயங்களிலும் ஒரே பேச்சு. வட்டவளையில் அடிக்கடி ஊருக்குப் போய் வந்த ஒருவருக்கு மறுத்துவிட்டார்கள் என்று ஆளுக்கு ஆள் சொன்னார்கள். அவருடைய பெண்டாட்டி பிள்ளைகள் அங்கேயே இருந்ததால்தான் மறுத்தார்கள் என்பது வெகுநாள் கழித்துத்தான் எங்கள் காதுக்கு வந்தது. சட்டத்தை யாரும் படிக்கவில்லை. படித்திருக்க வேண்டியவரும் படிக்கவில்லை.

"நாட்டுல இல்லன்னு இவங்களே எழுதிக் குடுத்தா, நாளைக்கு அந்தக் காயிதம் அங்க போயி நிக்கும்," என்றார் கிளாக்கர். "நோய்னு போட்டுருவோம். தலையப் பாருங்க, நெருப்புக் காய்ச்சல் வந்து எந்திரிச்ச மாதிரியே இருக்கு. யாரும் ஒரு வார்த்த கேக்க மாட்டாங்க."

என் கணவர் தலையைத் தடவிப் பார்த்துக்கொண்டார்.

வீட்டுக்கு வந்ததும் நான் சண்டை பிடித்தேன். சத்தியத்தின் மேல் உள்ள பற்றினால் இல்லை. இல்லாத நோயை வாயால் சொல்லி வரவழைக்கிறோமே என்ற பயம்தான். "இருக்கிற காரணத்த விட்டுட்டு எதுக்குங்க இல்லாத காய்ச்சலக் கூப்பிடணும்?" என்று கேட்டேன்.

"எனக்கு அந்தப் பக்கம் அண்ணன் வீடாவது இருக்கு," என்றார். "இங்கயிருந்து அனுப்பிட்டா ஒனக்கு யாரு புள்ள இருக்கா? ஒன்னப் பொறந்த மண்ணுல இருக்க வைக்கணும்னுதான் பாக்குறேன்."

எனக்காகத்தான் அந்தக் காய்ச்சலை ஏற்றுக்கொண்டார்.

கிளாக்கர் இங்கிலீசில் அடித்த மனுவை நான் படித்துப் பார்த்தேன். கடும் காய்ச்சலால் படுக்கையில் இருந்தமையால் குறித்த காலத்தில் அப்பீல் செய்ய இயலவில்லை, தாமதத்தை மன்னிக்கும்படி தாழ்மையுடன் வேண்டுகிறேன் என்று அழகாக எழுதியிருந்தது. என் மாமியார் அதில் எங்கேயும் இல்லை. ஒரு பெண் செத்ததற்கு இருந்த ஒரே அத்தாட்சியை என் கணவர் பெட்டிக்கு அடியில் போட்டுப் பூட்டினார். அவர் ஊருக்குப் போனது கடைவீதி முழுக்கத் தெரியும். பக்கத்துக் கடை முஸ்லிம் முதலாளிதான் அவரை ரயில் ஏற்றிவிட்டவர். ஒருவரும் காட்டிக்கொடுக்கவில்லை.

வைகாசியில் கண்டிக்குக் கூப்பிட்டார்கள். வரி அதிகாரி ஒரு சிங்களப் பெரியவர். கடுகடுவென்று இருப்பார் என்று பயந்துகொண்டு போனோம். அவர் எங்களை உட்காரச் சொன்னார். மனுவைப் படித்தார், டாக்டர் துண்டைப் படித்தார், பிறகு நிமிர்ந்து என் கணவருடைய தலையைப் பார்த்தார். முடி அரை விரலுக்கு வளர்ந்திருந்தது.

காய்ச்சலுக்காகவா தலையை மழித்தீர்கள் என்று சிங்களத்தில் கேட்டார்.

"ஒவ் மாத்தயா," என்றார் என் கணவர். ஆமாம் ஐயா. அதைச் சொல்லும்போது அவர் கை தலைக்குப் போனது. போன கையை எங்கே வைப்பதென்று தெரியாமல் மடியில் வைத்துக்கொண்டார்.

அந்தப் பெரியவர் பேனாவை வைத்துவிட்டுத் தன் மகனுக்கு அதே காய்ச்சல் வந்த கதையைச் சொன்னார். முடியெல்லாம் கொட்டிப்போய்ப் பிறகு முன்னைவிட அடர்த்தியாக வந்ததாம். கொஞ்ச நாளைக்குக் கடினமான சாப்பாடு கொடுக்காதே, தோடம்பழம் பிழிந்து கொடு என்று என்னிடம் சொன்னார். தாமதத்தை அங்கேயே மன்னித்து எழுதினார். தீபாவளிக் கூட்டத்தின் கதையைக் கேட்டுச் சிரித்தார். கடைக் கணக்கைப் புரட்டிப் பார்த்துவிட்டு வரியை நியாயமான அளவுக்குக் குறைத்தார். நாங்கள் ஜெயித்துவிட்டோம். அவர் கத்தியிருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

திரும்பி வரும் ரயிலில் என் கணவர் மப்ளரைத் தலையில் சுற்றிக்கொண்டு வெளியே பார்த்தபடி இருந்தார். நாவலப்பிட்டி தாண்டி ரயில் மலையேறும்போதுதான் வாயைத் திறந்தார்.

"அந்த ஐயாக்கிட்ட உள்ளதச் சொல்லியிருந்தாலும் விட்டிருப்பாரு புள்ள."

அவர் தலையிலிருந்து நழுவிய மப்ளரை நான் இழுத்துச் சரிசெய்தேன்.

"ஆத்தாளுக்கு எடுத்த மொட்டையக் காய்ச்சலுக்குக் குடுத்துட்டேன்," என்றார்.

அவர் அழுது நான் பார்த்ததில்லை. அன்றைக்கும் அழவில்லை. முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டு அட்டன் வரும்வரை அப்படியே இருந்தார். எனக்குத்தான் அழுகை வந்தது. றொசல்லயில் ரயில் நிற்கும்போது வழக்கமாக எழுந்து நின்று எங்கள் தோட்டத்துப் பக்கம் பார்ப்பேன். அன்றைக்கு எழுந்திருக்கவில்லை.

அடுத்த பங்குனியில் மாமியாருக்குத் தலைத்திவசம் வந்தது. விசாரணை முடியும்வரைக்கும் சத்தம் காட்டாமல் இருங்கள், ஐயரைக் கூப்பிட்டால் நாலு பேர் கேட்பார்கள், எப்போது செத்தார் என்று பேச்சு வரும் என்று கிளாக்கர் சொல்லியிருந்தார். அதனால் ஐயரும் இல்லை, படையலும் இல்லை. என் கணவர் காலையில் சாப்பிடவில்லை. காக்கைக்கு வைக்கிற சோற்றைக்கூடக் கடைக்குப் பின்னால் தகரத்தின் மறைவில் வைத்தார். மழை பெய்துகொண்டிருந்தது, காக்கை வரவில்லை. குடை பிடித்துக்கொண்டு வெகுநேரம் நின்றார். நான் போய்க் கூப்பிட்ட பிறகுதான் உள்ளே வந்தார்.

அதற்குப் பிறகு அவரிடம் ஒரு மாற்றம் வந்தது. தலை நரைக்கத் தொடங்கியிருந்தது, அதை அடிக்கடி தடவிப் பார்த்துக்கொள்வார். யாராவது உடம்பு எப்படி இருக்கிறது என்று சாதாரணமாகக் கேட்டால்கூட முகம் கறுத்துவிடும். நானும் அந்தப் பேச்சை எடுப்பதில்லை. பதிவு கிடைத்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும், வீட்டில் ஒரு பெரிய படையல் போட்டுவிடலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

அந்த வருஷக் கடைசியில் நுவரெலியாக் கச்சேரியில், மாவட்ட அரசாங்க அலுவலகத்தில், பதிவு விசாரணை. கிளாக்கர் எங்கள் காகிதங்களையெல்லாம் கோத்து ஒரு கட்டாகத் தைத்துக் கொடுத்திருந்தார். கடை லைசன்ஸ், வாடகைத் துண்டுகள், மகளின் பள்ளிக்கூடச் சான்றிதழ். வரிக் காகிதங்களை ஒன்று விடாமல் வைத்திருந்தார். நிலையான வருமானத்துக்கும் இடைவிடாமல் குடியிருந்ததற்கும் இதைவிட என்ன சாட்சி வேண்டும் என்று அவருக்குப் பெருமை. டாக்டர் துண்டும் அதற்குள் இருந்தது.

விசாரித்த அதிகாரி இளவயதுக்காரர். மேஜைக்குப் பக்கத்தில் தமிழ் மொழிபெயர்ப்பாளர் ஒருவர் நின்றார். அதிகாரி கட்டை நிதானமாகப் புரட்டினார். கேட்டதற்கெல்லாம் என் கணவர் நன்றாகத்தான் பதில் சொன்னார். எனக்கு மனதில் கொஞ்சம் கொஞ்சமாகத் தைரியம் வந்தது. டாக்டர் துண்டு வந்த இடத்தில் அதிகாரி நிறுத்தி, இந்த மாதத்திலும் அட்டனில்தான் இருந்திருக்கிறார் என்று இங்கிலீசில் சொல்லிக் குறித்துக்கொண்டார். எங்களுக்குச் சாதகமாகத்தான் குறித்தார்.

பிறகு பழைய மனுவைப் பார்த்து, தாயார் உயிரோடு இருப்பதாக எழுதியிருக்கிறது, இப்போதும் இருக்கிறாரா என்று கேட்டார்.

"இல்லீங்க. தவறிட்டாங்க," என்றார் என் கணவர்.

எப்போது என்றார் அதிகாரி. இவர் வருஷத்தையும் மாதத்தையும் சொன்னார். அதிகாரி டாக்டர் துண்டை மறுபடியும் திருப்பிப் பார்த்தார். அவர் முகத்தில் சந்தேகம் எதுவும் இல்லை. பாவம் என்கிற மாதிரி உச்சுக் கொட்டினார். தாய் இறந்தபோது இவர் படுக்கையில் இருந்திருக்கிறார், போக முடியவில்லை என்று சொல்லிக்கொண்டே எழுதப் போனார்.

மொழிபெயர்ப்பாளர் அதைத் தமிழில் கேட்டார். "அம்மா சாவுக்கு நீங்க போகல. அப்படித்தானே?"

ஆமாம் என்ற ஒரு சொல்தான் பாக்கி. அந்த ஒரு சொல்லில் பதிவு இருந்தது, கடை இருந்தது, என் மகளின் பள்ளிக்கூடம் இருந்தது, என் அம்மா அப்பாவின் குழிமேடு இருந்தது. பொய்யே வேண்டாம் என்று சண்டை பிடித்த நான் அந்த நிமிஷத்தில் எல்லாச் சாமிகளையும் கூப்பிட்டு, இவர் இந்தப் பொய்யைச் சொல்லிவிட வேண்டும் என்று கும்பிட்டேன்.

என் கணவர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"போனேங்க," என்றார்.

மொழிபெயர்ப்பாளர் அதை உடனே இங்கிலீசில் சொல்லவில்லை. அவரும் எங்கள் ஆள்தான். குரலைத் தாழ்த்தி, "நல்லா யோசிச்சுச் சொல்லுங்கண்ணே," என்றார்.

"போனேன். நாந்தான் கொள்ளி வச்சேன். கடைசிப் புள்ள நானு. நான் போகாம வேற யாரு வப்பா?"

"அப்ப இந்த டாக்டர் துண்டு?"

"அது பொய்ங்க. எனக்குக் காய்ச்சலே வரல."

அதிகாரி பேனாவை மூடினார். எதற்காக இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டார். இந்தியாவுக்குப் போய் வந்தால் பதிவு கிடைக்காது என்று சொன்னார்கள் என்று இவர் சொன்னார். அதிகாரி மேஜைமேல் இருந்த சட்டப் புத்தகத்தை எடுத்து ஒரு பக்கத்தைத் திறந்து மொழிபெயர்ப்பாளரிடம் காட்டினார். அவர் அதைப் படித்துவிட்டு எங்களைப் பார்க்க முடியாமல் சொன்னார்.

"ஒரு வருசத்துக்கு மேல போனாத்தாங்க கணக்கு. அதுக்கு உள்பட்டுப் போய் வந்தத சட்டம் பாக்குறதே இல்லையாம்."

அவர் போய் வந்தது இரண்டு மாதம்கூட இல்லை. அந்தப் பயணம் எந்தக் கந்தோரிலும் யாருக்கும் ஒரு பொருட்டே இல்லை. வரிக் கந்தோரில் அதைச் சொல்லியிருந்தால் மன்னித்திருப்பார்கள். இங்கே சொல்லியிருந்தால் மறந்திருப்பார்கள். நாங்கள்தான் அதைத் திருட்டுச் சாமான் மாதிரி ஒளித்து வைத்தோம். அதிகாரிக்கும் வருத்தம்தான், அது முகத்தில் தெரிந்தது. ஆனால் சாட்சியில் ஒன்று பொய் என்று மனுதாரரே சொன்ன பிறகு மற்றதை எப்படி நம்புவது என்று கேட்டார். கொஞ்ச நாளில் மறுப்புக் கட்டளை தபாலில் வந்தது.

விசாரணை முடிந்த அன்றைக்கு, பஸ்ஸில் அவர் பக்கத்தில் உட்காராமல் முன் சீட்டில் போய் உட்கார்ந்தேன். வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தியதும் என்னால் அடக்க முடியவில்லை.

"ஒரு வார்த்தைங்க. ஆமான்னு ஒரு வார்த்த. ஒங்க வாயில வரலையா? எங்கம்மா இந்த மண்ணுலதாங்க கெடக்கா. அவள விட்டுட்டு நான் எங்கிட்டுப் போறது?"

"அந்த வார்த்தையக் கண்டியில சொன்னேன் புள்ள," என்றார். "ரெண்டாந் தடவ வரல."

நான் அவரோடு வெகுநாள் சரியாகப் பேசவில்லை. சோறு போட்டேன், துணி துவைத்தேன், கடையில் உட்கார்ந்தேன். வார்த்தையை மட்டும் நிறுத்திக்கொண்டேன். அவர் செய்தது சரி என்று அப்போதே எனக்குத் தெரியும். சரியாக இருந்ததால்தான் கோபம் அதிகமாக வந்தது.

கட்டளையை எதிர்த்துப் பெரிய கோர்ட்டுக்கு அப்பீல் செய்யலாம், அதற்கும் தவணை உண்டு என்று புரொக்டர் ஐயா சொல்லி அனுப்பினார். கிளாக்கர் மனுவை எழுதித் தயாராக வைத்திருந்தார். என் கணவர் கையெழுத்துப் போடப் போகவில்லை. பார்க்கலாம், பார்க்கலாம் என்றே நாளைக் கடத்தினார். பங்குனி வந்ததும் ஐயரைக் கூப்பிட்டு, வாசல் கதவைத் திறந்து போட்டு, போன வருஷம் விட்டதையும் சேர்த்து அம்மாவுக்குத் திவசம் கொடுத்தார். நாவிதரை வரச்சொல்லித் தலையையும் மீசையையும் மறுபடியும் மழித்துக்கொண்டார். திவசத்துக்கு மொட்டை அடிக்க வேண்டியதில்லை என்று ஐயரே சொன்னார். இவர் கேட்கவில்லை. அந்த மொட்டையோடு கடையில் உட்கார்ந்து, என்ன முதலாளி என்று கேட்ட எல்லோரிடமும் அம்மா செத்துப்போச்சு என்று சொன்னார். வந்தவர்களெல்லாம் இரண்டு வருஷத்துக்கு முந்திய சாவுக்குத் துக்கம் விசாரித்துவிட்டுப் போனார்கள்.

எல்லாம் முடிந்த பிறகு ஒரு காலையில், "வா புள்ள, கையெழுத்துப் போட்டுட்டு வந்துருவோம்," என்றார். எனக்குப் போன உயிர் வந்தது. போனோம். கிளாக்கர் கட்டளையின் தேதியைப் பார்த்தார், சுவரில் இருந்த கலண்டரைப் பார்த்தார், கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார்.

"தவணை போயிருச்சும்மா."

"பிந்தினாலும் எடுத்துக்குவாங்கன்னு நீங்கதானே சொன்னீங்க. காரணம் எழுதிக் குடுத்தா மன்னிப்பாங்கன்னு," என்றேன்.

"அது வரிச் சட்டத்துலம்மா. இந்தச் சட்டத்துல நான் தேடிப் பாத்துட்டேன். அப்பிடி ஒரு வரி இல்ல."

வரி வாங்குவதற்குக் காத்திருக்கத் தெரிந்த அரசாங்கத்துக்கு எங்களை வைத்துக்கொள்வதற்குக் காத்திருக்கத் தெரியவில்லை. இப்போது இப்படி எழுதுகிறேன். அன்றைக்கு எனக்கு ஒன்றும் ஓடவில்லை. மேஜையில் ஒரு வெறுங்காகிதம் கிடந்தது. கிளாக்கரின் பேனாவை எடுத்து, பிந்தியதற்குக் காரணம், மனுதாரரின் தாயார் இறந்துவிட்டார் என்று தமிழில் எழுதி அவர் முன்னால் நகர்த்தினேன். அவர் அதைப் படித்துவிட்டு, இதை எங்கேயும் அனுப்ப முடியாதம்மா என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. அந்தக் கிழவர் மேல் எனக்கிருந்த கோபம் அன்றோடு போய்விட்டது.

அதற்குப் பிறகும் பல வருஷம் தற்காலிக அனுமதியில் அட்டனில் இருந்தோம். வரி அறிவிப்பு வருஷம் தவறாமல் வந்தது, நாங்களும் தவறாமல் கட்டினோம். அறுபதுகளின் நடுவில் அனுமதியை நீட்டிக்க முடியாது என்று சொல்லிவிட்டார்கள். கடையை விற்றோம். கிளம்புவதற்கு முதல் நாள் நான் தோட்டத்துக்குப் போய் அம்மா அப்பாவின் மேட்டில் வளர்ந்திருந்த புல்லைப் பிடுங்கிவிட்டு வந்தேன். அவரும் கூட வந்து பிடுங்கினார். மறுநாள் காலையில் மழையில் நனைந்துகொண்டுதான் சாமான்களை ரயிலில் ஏற்றினோம். றொசல்லயில் ரயில் நின்றபோது ஜன்னலைத் திறந்து பார்த்தேன். மழைப் புகார் மூடி மலை தெரியவில்லை.

ஊருக்குப் போன இரண்டாம் நாள் என் கணவர் என்னை ஆற்றங்கரைச் சுடுகாட்டுக்குக் கூட்டிப் போனார். நான் அவர் அம்மாவை உயிரோடு பார்த்ததே இல்லை. எரித்த இடத்தில் என்ன இருக்கும். மணலும் இரண்டு கருவேல மரமும்தான் இருந்தன. வெயில் மண்டையைப் பிளந்தது. இந்த வெறும் மணலுக்காகவா என் அம்மாவை விட்டுவிட்டு வந்தேன் என்று எனக்குள் பழைய கோபம் எழுந்தது. அவர் செருப்பைக் கழற்றிவிட்டு மணலில் போய் நின்றார். வெகுநேரம் நின்றார்.

"விட்டிருச்சு ஆத்தா," என்றார். "அங்க மழை விட்டிருச்சு."

அது பொய். நாங்கள் கிளம்பியபோது அட்டனில் மழை கொட்டிக்கொண்டிருந்தது. நான் திருத்தவில்லை. அவர் பக்கத்தில் போய் நின்றேன்.